நேர்ச்சங்கிலிக்குக் காற்று வேண்டும்

துணி ஊறவைக்கும் சோப்புத்தூள், பாத்திரம் துலக்கும் பார், தரை கழுவும் சோப் ஆயில். மூன்றுக்கும் விலை வேறு, வாசனை வேறு, நிறம் வேறு. ஆனால் உள்ளே இருந்து அழுக்கை எடுக்கும் முக்கியச் சரக்கு பெரும்பாலும் ஒன்றுதான். அந்தச் சரக்குக்கு மூலப்பொருள் தயாராகும் ஊர்களில் ஒன்று வடசென்னையிலுள்ள நம் மணலி. அந்த மூலப்பொருளின் முழுப்பெயர் லீனியர் அல்கைல் பென்சீன். ஆலைக்குப் போய்வருகிறவர்கள் எல்.ஏ.பி. என்பார்கள்.

திருவொற்றியூரில் மேல்நிலை வகுப்புகளுக்கு வேதியியல் நடத்துகிறேன். என் வகுப்பில் ஒரு பையனின் அப்பா காசிமேட்டிலிருந்து விசைப்படகில் போகிறார். ஒரு பெண்ணின் அண்ணன் மணலியில் கான்ட்ராக்ட் வேலையில் நைட் ஷிப்ட் பார்க்கிறார். இன்னொருத்தியின் அம்மா வீட்டுத் திண்ணையில் சோப் ஆயில் கலந்து, கேனில் ஊற்றி, எர்ணாவூர்த் தெருக்களில் விற்கிறார். இந்தப் பிள்ளைகளுக்குக் கரிம வேதியியல் என்பது பரீட்சைக்கு மட்டும் உரிய பாடமாக இருக்கக் கூடாது என்பது என் பிடிவாதம். அதனால் பன்னிரண்டாம் வகுப்பில் ‘அன்றாட வாழ்வில் வேதியியல்’ பாடம் வரும்போதெல்லாம் இந்த ஒரு பெயரை எடுத்துக்கொண்டு நிதானமாகப் பேசுவேன். மூன்று சொற்களில் முதல் சொல்லான ‘லீனியர்’ என்பதற்குக் கீழே இரண்டு கோடு போடுவேன். ஆறுகளைக் காப்பாற்றிய சொல் அது. நம் பக்கிங்ஹாம் கால்வாயை மட்டும் அது ஏன் இன்னும் காப்பாற்றவில்லை என்பதற்கும் அதற்குள்ளேயே காரணம் இருக்கிறது.

மூன்று சொற்கள்

கடைசிச் சொல்லிலிருந்து வருவோம். பென்சீன் என்பது ஆறு கார்பன் அணுக்கள் வளையமாகச் சேர்ந்த மூலக்கூறு. விளக்கு எரிக்கும் வாயு தயாரித்தபோது மிஞ்சிய எண்ணெயிலிருந்து மைக்கேல் ஃபாரடே 1825-ல் அதைப் பிரித்தெடுத்தார். அது வளைய அமைப்புக் கொண்டது என்று வேதியியலாளர் கெக்குலே சொல்ல இன்னொரு 40 ஆண்டு ஆனது. தனியாக இருக்கும் பென்சீன் ஆபத்தானது. 80 டிகிரி செல்சியஸில் கொதித்துவிடும். சாதாரண வெயிலிலேயே ஆவியாகும். தொடர்ந்து சுவாசித்தால் ரத்தப் புற்றுநோய் வரக்கூடும். அதனால்தான் நாட்டின் காற்றுத் தர விதியில் பென்சீனுக்குத் தனி வரம்பு இருக்கிறது: ஒரு கனமீட்டர் காற்றில் ஆண்டுச் சராசரி 5 மைக்ரோகிராம். பென்சீன் ஏற்றிவரும் டேங்கர் லாரியின் எச்சரிக்கைப் பலகையில் 1114 என்ற எண் இருக்கும். உலகம் முழுவதும் அதே எண்தான். என் மாணவர்கள் அதை மனப்பாடமாக வைத்திருக்க வேண்டும் என்று நினைக்கிறேன். லாரி கவிழ்ந்தால் முதலில் கூட்டம் கூடுவது நம் தெருப் பிள்ளைகள்.

ஆனால் இந்த ஆபத்தை அப்படியே எல்.ஏ.பி. மேல் ஏற்றிவிடக் கூடாது. பெயரில் பென்சீன் இருப்பதால் குணமும் பென்சீனின் குணமாகிவிடாது. வளையத்தில் நீண்ட வால் ஒன்று சேர்ந்ததும் பொருள் கனமாகிறது. கொதிநிலை 280 டிகிரியைத் தாண்டுகிறது. ஆவியாகிப் பறப்பது அநேகமாக நின்றுவிடுகிறது. கரிம வேதியியல் பெயர்களைப் படிக்கும்போது முதலில் கற்க வேண்டிய பாடம் இது. பெயர் ஒரு மூலக்கூறின் உறுப்புகளைச் சொல்லும். குணம் அந்த உறுப்புகள் சேர்ந்த விதத்தில் இருக்கிறது.

அந்த வாலுக்குப் பெயர் அல்கைல். மீத்தேன், ஈத்தேன், புரொப்பேன் என்று போகும் அல்கேன் வரிசையில் எதிலிருந்தாவது ஒரு ஹைட்ரஜனைக் கழற்றினால் அந்த இடத்தில் வேறொன்றோடு இணையத் தயாராக ஒரு கை கிடைக்கும். அப்படிக் கை நீட்டிய கார்பன் தொடர்தான் அல்கைல் தொகுதி. எல்.ஏ.பி.யில் அந்தத் தொடரில் பெரும்பாலும் 10 முதல் 13 கார்பன்கள் இருக்கும்.

இனி லீனியர். நேர்ச்சங்கிலி. கார்பன்கள் கிளை விடாமல் ஒரே வரிசையில் நிற்பது. கேட்க எளிதாக இருக்கிறது. ஆனால் உண்மையான எல்.ஏ.பி.யின் படத்தைக் கரும்பலகையில் வரைந்தபோது ஒரு மாணவி எழுந்து கேட்டாள்:

“மிஸ், பென்சீன் ஓரத்துல இல்லியே. சங்கிலிக்கு நடுவுல தொங்குது. அப்புறம் எப்படி மிஸ் இது லீனியர்?”

இந்தச் சொல்லைப் பற்றிக் கேட்கக்கூடிய மிகச் சிறந்த கேள்வி அதுதான். பாடப்புத்தகப் படங்களில் வளையத்தைப் பொதுவாக ஒரு முனையில் ஒட்டி வரைந்துவிடுவார்கள். ஆலையில் நடப்பது வேறு. 12 கார்பன் சங்கிலியில் பென்சீன் முனையிலுள்ள முதல் கார்பனில் சேர்வதில்லை. இரண்டாவது முதல் ஆறாவது வரை ஏதோ ஒன்றில் சேரும். எதிர் முனையிலிருந்து எண்ணினாலும் கணக்கு அதுவேதான். ஆக ஐந்து விதம். விற்பனைக்கு வருவது இவற்றின் கலவை. ஐந்துமே லீனியர்தான். ஏனென்றால் அந்தச் சொல் மூலக்கூறின் மொத்த உருவத்தைப் பற்றிப் பேசவில்லை. அல்கைல் சங்கிலியைப் பற்றி மட்டுமே பேசுகிறது.

இதைச் சோதிக்க அவளைப் பலகைக்கு அழைத்தேன். “வளையத்தை ஒரு கையால மூடிக்கோம்மா. இன்னொரு கை விரலைச் சங்கிலியோட ஒரு முனைல வை. விரலை எடுக்காம, வந்த வழியே திரும்பாம, மறுமுனைக்குப் போ. வழில எல்லாக் கார்பனையும் தொட்டுட்டியா?” தொட்டுவிட்டாள். அப்படியானால் அது நேர்ச்சங்கிலி. ஒரு கார்பன் விட்டுப்போனாலும் அது கிளைச்சங்கிலி. எந்தப் படத்திலும் இந்த விரல் சோதனையைச் செய்து பார்க்கலாம்.

ஓர் எச்சரிக்கை. பால் பாக்கெட் பிலிம் செய்யும் பாலித்தீன் வகையின் பெயரிலும் ‘லீனியர்’ உண்டு. அங்கே நீண்ட கிளைகள் இல்லை என்பதே பொருள். குட்டிக் கிளைகள் வேண்டுமென்றே சேர்க்கப்பட்டிருக்கும். வேதியியல் சொற்களை அவை புழங்கும் தொழிலோடு சேர்த்தே படிக்க வேண்டும்.

மண்ணெண்ணெயிலிருந்து வருகிறது

மணலியின் தொழில் வரலாறு எண்ணெயிலிருந்து தொடங்குகிறது. 1965-ல் இந்திய அரசும், அமெரிக்காவின் அமோகோவும், ஈரானின் தேசிய எண்ணெய் நிறுவனமும் சேர்ந்து மெட்ராஸ் ரிஃபைனரீஸை உருவாக்கின. 1969-ல் ஆலை ஓடத் தொடங்கியது. இன்றைய சி.பி.சி.எல். அதுதான். அதைச் சுற்றி உரம், பெட்ரோ ரசாயனம் என்று வரிசையாக ஆலைகள் எழுந்தன. 1984-ல் டிட்கோ, ஸ்பிக் என்ற இரு நிறுவனங்கள் சேர்ந்து தொடங்கிய தமிழ்நாடு பெட்ரோபுராடக்ட்ஸ் அவற்றில் ஒன்று. எல்.ஏ.பி. தயாரிப்பது இந்த ஆலைதான்.

மூலப்பொருள் மண்ணெண்ணெய். அதில் நேர்ச்சங்கிலியும் கிளைச்சங்கிலியும் வளையங்களும் கலந்திருக்கும். நேரானவற்றை மட்டும் எப்படிப் பொறுக்குவது? இதற்கு மூலக்கூறுச் சல்லடை என்ற பொருள் இருக்கிறது. சியோலைட் என்ற கனிம வகை அது. அதிலுள்ள துளைகளின் அகலம் ஒரு மீட்டரை 100 கோடிப் பங்காக்கி அதில் ஒரு பங்கின் பாதி. நேர்ச்சங்கிலி அந்தத் துளைக்குள் நுழைந்துவிடும். கிளை உள்ளது தோள் இடித்து வெளியே நின்றுவிடும். உள்ளே போனதைத் தனியாக எடுத்துக்கொண்டு, மீதி மண்ணெண்ணெயைச் சுத்திகரிப்பு ஆலைக்கே திருப்பி அனுப்பிவிடலாம். பிரித்தெடுத்த இந்த நேர்ச்சங்கிலிகளுக்கு ஆலைப் பேச்சில் என்-பாரஃபின் என்று பெயர். அந்த ‘என்’ நார்மல் என்பதன் முதலெழுத்து. ‘நார்மல்’ என்றாலும் ‘லீனியர்’ என்றாலும் இங்கே சொல்வது ஒன்றையே: கிளை இல்லை.

பிறகு சங்கிலியிலிருந்து இரண்டு ஹைட்ரஜனை நீக்கி ஓர் இரட்டைப் பிணைப்பை உண்டாக்குவார்கள். அந்த இடத்தில், அமில வினையூக்கியின் உதவியோடு, பென்சீனைச் சேர்ப்பார்கள். எல்.ஏ.பி. தயார். தண்ணீரைப் போலத் தெளிந்த திரவம். தண்ணீரில் கரையாது, துணி துவைக்காது. அழுக்கு எடுக்கும் வேலைக்கு அது இன்னும் ஒரு படி தாண்ட வேண்டும்.

ஆசிட் ஸ்லரி

அந்தப் படிக்குப் பெயர் சல்போனேற்றம். கந்தக ட்ரையாக்சைடு வாயுவோடு வினைபுரியும்போது பென்சீன் வளையத்தில் சல்போனிக் அமிலத் தொகுதி ஒன்று ஏறிக்கொள்கிறது. கிடைப்பது பழுப்பு நிறத்தில் தேன்பதமாக இருக்கும் அமிலம். பாரிமுனையில் கெமிக்கல் கடைகளில் ‘ஆசிட் ஸ்லரி’ என்று கேட்டால் கேனில் ஊற்றித் தருவது இதைத்தான். குடிசைத் தொழிலாகச் சோப் ஆயில் செய்கிற எல்லோருக்கும் தெரிந்த பெயர் அது. அவர்கள் அதைத் தண்ணீரில் விட்டு, காஸ்டிக் சோடாவோ சலவை சோடாவோ சேர்த்து, உப்பாக மாற்றுகிறார்கள். அந்த உப்புதான் டிடர்ஜெண்ட்.

சோப் ஆயில் விற்கும் அந்த அம்மா ஒருநாள் பள்ளிக்கு வந்தபோது என்னிடம் கேட்டார்: “டீச்சர், ஸ்லரி கைல பட்டா சுரீர்னு எரியுது. சோடா போட்டு ஆயில் ஆனப்புறம் எரியறதில்ல. அது எப்படி?”

அமிலத்தில் கழன்று வரத் துடிக்கும் ஒரு ஹைட்ரஜன் அயனி இருக்கிறது. தோலைச் சுடுவது அது. சோடா சேர்த்ததும் அதன் இடத்தில் சோடியம் வந்து உட்கார்ந்துவிடுகிறது. கையுறையும் கண்ணாடியும் போட்டுக்கொள்ளுங்கள், தண்ணீரில் ஸ்லரியைக் கொஞ்சம் கொஞ்சமாக விடுங்கள், சலவை சோடாவை ஒரேயடியாகக் கொட்டினால் கார்பன் டை ஆக்சைடு பொங்கி மேலே தெறிக்கும் என்று சொன்னேன். எங்கும் எழுதிவைக்கப்படாத ஒரு தொழிலில் இந்த அம்மாவைப் போன்ற எத்தனையோ பெண்கள் இருக்கிறார்கள். அவர்கள் கையாளும் பொருளின் பெயரும் குணமும் கேன் மேல் தமிழில் அச்சிடப்பட்டிருக்க வேண்டும். ஒரு லேபிளின் செலவுதான் அதற்கு.

இப்படி உருவான மூலக்கூறுக்கு இரண்டு முனை. சங்கிலி எண்ணெயை விரும்பும். சல்போனேட் தண்ணீரை விரும்பும். எண்ணெய்ப் பிசுக்கைச் சங்கிலிகள் சூழ்ந்துகொள்ள, வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் சல்போனேட்டைத் தண்ணீர் பிடித்து இழுத்துச் செல்கிறது. பழைய காலச் சோப்பும் இதைத்தான் செய்தது. ஆனால் எங்கள் பக்கத்து உப்புத் தண்ணீரில் சோப்பு தோற்றுவிடும். மீஞ்சூர் வரை நிலத்தடி நீரில் கடல்நீர் ஏறிய பகுதி இது. அந்தத் தண்ணீரிலுள்ள கால்சியமும் மெக்னீசியமும் சோப்போடு சேர்ந்து வெள்ளைத் திப்பியாகத் திரிந்துவிடும். சல்போனேட் அவ்வளவு எளிதில் திரிவதில்லை. அடிபம்புத் தண்ணீரில் சட்டை வெளுத்து வருவதற்குக் காரணம் இந்த வேறுபாடுதான்.

ஆறுகள் நுரைத்த காலம்

இந்த வகை டிடர்ஜெண்ட் முதலில் வந்தபோது அதில் ‘லீனியர்’ இல்லை. இரண்டாம் உலகப் போருக்குப் பின் பெட்ரோலியச் சுத்திகரிப்பில் புரொப்பிலீன் மலிவாகக் கிடைத்தது. மூன்று கார்பன் கொண்ட புரொப்பிலீனை நான்கு முறை சேர்த்தால் 12 கார்பன் சங்கிலி கிடைக்கும். கணக்கு சரி. ஆனால் சங்கிலி முழுக்கக் கிளை. அதைப் பென்சீனில் ஒட்டிச் செய்த டிடர்ஜெண்ட் நன்றாகத் துவைத்தது. அமெரிக்காவில் 1946-ல் டைடு என்ற சோப்புத்தூள் வந்தது. சில ஆண்டுகளில் கிளைச்சங்கிலிச் சரக்கு உலகம் முழுக்கப் பரவியது.

கிளைச்சங்கிலிக்கும் நேர்ச்சங்கிலிக்கும் அணுக்களின் எண்ணிக்கையில் எந்த வேறுபாடும் இல்லை. 12 கார்பன் வால் கொண்ட அல்கைல் பென்சீன் எதுவாக இருந்தாலும் மொத்தம் 18 கார்பன், 30 ஹைட்ரஜன். எடையும் ஒன்றே. மாறியது அடுக்கிய விதம் மட்டும். அந்த ஒரு மாற்றம் கண்டங்கள் தாண்டிய சிக்கலானது. கழிவுநீர் நிலையங்களில் நுரை ஆளுயரத்துக்கு எழுந்தது. அமெரிக்கக் கிராமங்களில் கிணற்றுத் தண்ணீர் குழாயிலிருந்தே நுரையோடு வந்தது. ஜெர்மனியில் 1959-ன் வறண்ட கோடையில் ஆறுகள் வெள்ளை நுரை போர்த்துக்கொண்டு ஓடின. துவைத்து ஊற்றிய டிடர்ஜெண்ட் எங்கேயும் போகாமல் தண்ணீரிலேயே தங்கிவிட்டது என்பது அப்போதுதான் எல்லோர் கண்ணுக்கும் தெரிந்தது.

மேற்கு ஜெர்மனி 1961-ல் சட்டம் இயற்றியது. 1964 அக்டோபர் முதல் டிடர்ஜெண்டின் முக்கியச் சரக்கு குறைந்தது 80 சதவீதமாவது நுண்ணுயிர்களால் சிதைய வேண்டும் என்றது. அமெரிக்க உற்பத்தியாளர்கள் 1965-ல் நேர்ச்சங்கிலிக்கு மாறி முடித்தார்கள். இங்கே சர்ஃப் 1959-லும் நிர்மா 1969-லும் கடைக்கு வந்தன; டிடர்ஜெண்ட் ஏழை வீடுவரை இறங்கிய காலம் அது. மணலியில் ஆலை எழும்போது உலகம் ‘லீனியர்’ என்ற சொல்லை ஏற்று முடித்திருந்தது.

நுண்ணுயிர் எப்படிப் படிக்கிறது

நேராக இருந்தால் ஏன் சிதைகிறது? சங்கிலியின் கடைசிக் கார்பனை நுண்ணுயிர் ஆக்சிஜன் கொண்டு அமிலமாக மாற்றுகிறது. பிறகு அந்த முனையிலிருந்து இரண்டிரண்டு கார்பன்களாக வெட்டித் தின்றுகொண்டே வருகிறது. நம் உடல் கொழுப்பை எரிப்பதும் இதே வழியில்தான். சங்கிலி தீர்ந்ததும் வளையத்தை உடைக்கிறது. கடைசியில் மிஞ்சுவது கார்பன் டை ஆக்சைடு, தண்ணீர், சாதாரண சல்பேட் உப்பு.

காசிமேட்டில் பழைய வலையைப் பிரிக்கிறவர்களைக் கவனித்தால் இது விளங்கும். முடிச்சில்லாத நூலின் நுனி கிடைத்தால் இழுக்க இழுக்க வந்துகொண்டே இருக்கும். முடிச்சு வந்த இடத்தில் கை நின்றுவிடும். கிளை முளைத்த கார்பன் நுண்ணுயிருக்கு அந்த முடிச்சு. வரிசையாக முடிச்சுகள் இருந்தால் அது அந்த மூலக்கூறைத் தொடாமலே விட்டுவிடுகிறது.

இதே விதி கடலிலும் செல்லும். 2017 ஜனவரி 28 அன்று எண்ணூர் காமராஜர் துறைமுகத்துக்கு அருகே பி.டபிள்யூ. மேப்பிள், டான் காஞ்சிபுரம் என்ற இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கொட்டியது. கரையில் பக்கெட் பக்கெட்டாக அள்ளியவர்களில் எங்கள் பகுதி இளைஞர்கள் பலர் இருந்தார்கள். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெய் வந்து எண்ணூர்க் கழிமுகத்தில் படகிலும் வலையிலும் அலையாத்தி மரங்களிலும் அப்பிக்கொண்டது. கச்சா எண்ணெய் கசிந்த இடங்களில் அது எவ்வளவு சிதைந்திருக்கிறது என்று அறிய வேதியியலாளர்கள் ஒரு கணக்குப் பார்ப்பார்கள். 17 கார்பன் உள்ள நேர்ச்சங்கிலி எவ்வளவு, பிரிஸ்டேன் என்ற கிளைச்சங்கிலி எவ்வளவு என்று அளந்து விகிதம் எடுப்பார்கள். நுண்ணுயிர் வேலை செய்திருந்தால் நேர்ச்சங்கிலி முதலில் குறையும். பிரிஸ்டேன் பின்தங்கி நிற்கும். சோப்புத்தூளில் படித்த அதே சொல், சேற்றில் படிந்த எண்ணெய் எவ்வளவு சிதைந்தது என்று சொல்லும் அளவுகோலாகிறது.

சொல்லின் மறுபாதி

இப்போது நம் கால்வாய்க்கு வருவோம். பக்கிங்ஹாம் கால்வாயின் ஓரம் எர்ணாவூரிலிருந்து எண்ணூர் பக்கமாக நடந்தால், குழாய் விழும் இடங்களில் வெள்ளை நுரை இருக்கும். 2019 டிசம்பரில் பட்டினப்பாக்கம் கடற்கரையில் நாள்கணக்கில் நுரை ஒதுங்கியதையும், அதில் குழந்தைகள் விளையாடியதையும் சென்னையே பார்த்தது. “இப்ப எல்லாமே லீனியர்தானே மிஸ், அப்புறம் ஏன் நுரை?” என்று மாணவர்கள் கேட்கிறார்கள். கேட்க வேண்டும்.

பதில் மேலே சொன்ன முதல் படியிலேயே இருக்கிறது. நுண்ணுயிர் சங்கிலியின் நுனியைத் தொட ஆக்சிஜன் வேண்டும். வளையத்தை உடைக்கவும் ஆக்சிஜன் வேண்டும். காற்று நன்றாகப் புழங்கும் சுத்திகரிப்பு நிலையத்தில் இந்த டிடர்ஜெண்டில் 99 சதவீதம் வரைகூட நீங்கிவிடும். ஆனால் சாக்கடை நேராக இறங்கும் கால்வாயில், கறுத்து அழுகிய சேற்றில், ஆக்சிஜன் இருக்காது. அங்கே நேர்ச்சங்கிலியும் ஏறக்குறைய அப்படியே படிந்து கிடக்கும். தண்ணீரில் ஒரு லிட்டருக்குச் சில மில்லிகிராம் சேர்ந்தாலே மீன்களின் செவுள் பாதிக்கப்படும். கழிமுகத்தில் இறாலும் மடவையும் பிடித்துப் பிழைக்கிறவர்களுக்கு இது வயிற்றுப்பாட்டு விஷயம்.

‘நுண்ணுயிரால் சிதையும்’ என்று பாக்கெட்டில் அச்சிட்டிருந்தால் அதன் முழுப்பொருள், காற்றும் நுண்ணுயிரும் நேரமும் கிடைத்தால் சிதையும் என்பதுதான். அந்த மூன்றையும் சேர்த்துக் கொடுக்கும் இடம் கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையத்தின் காற்றூட்டும் தொட்டி. வடசென்னைக்குக் கொடுங்கையூரில் நிலையம் இருக்கிறது. திருவொற்றியூரும் மணலியும் கத்திவாக்கமும் 2011-ல் மாநகராட்சியோடு சேர்ந்தன. எங்கள் தெருவின் கழிவுநீர் எல்லாம் அப்படி ஒரு தொட்டியைப் பார்த்த பிறகே கால்வாயைப் பார்க்க வேண்டும். மழைநீர் வடிகாலில் துவைத்த தண்ணீரை விடுவது, அந்தத் தொட்டியைத் தாண்டிக் குறுக்கு வழியில் அதைக் கடலுக்கு அனுப்புவது. அளவுக்கு மேல் தூள் போடுவதால் துணி கூடுதலாக வெளுப்பதுமில்லை. நுரை மட்டும்தான் கூடும்.

மூலக்கூறை நேராக்கும் வேலையை வேதியியல் 60 ஆண்டுகளுக்கு முன்பே செய்து கொடுத்துவிட்டது. மண்ணெண்ணெயைச் சல்லடையில் சலித்து, கிளையில்லாத சங்கிலியைப் பொறுக்கி, அதைச் சிதையும்படி நம் கையில் தந்திருக்கிறது. மீதி வேலை குழாய், மோட்டார், மின்சாரம், மாநகராட்சி பட்ஜெட் சம்பந்தப்பட்டது. அதனால்தான் இந்தப் பாடத்தின் முடிவில் என் மாணவர்களுக்கு ஒரு வீட்டுப்பாடம் கொடுக்கிறேன். அடுத்த வார்டு கூட்டத்துக்குப் பெற்றோருடன் போய் இரண்டு கேள்வி கேளுங்கள் என்கிறேன். எங்கள் தெருச் சாக்கடை எந்தச் சுத்திகரிப்பு நிலையத்துக்குப் போகிறது? அங்கே தொட்டிக்குக் காற்று அடிக்கும் இயந்திரங்கள் நாள் முழுக்க ஓடுகின்றனவா? ‘லீனியர்’ என்ற சொல்லைப் புரிந்துகொண்ட பிள்ளைக்கு இந்த இரண்டையும் கேட்கும் தகுதி உண்டு. பதில் சொல்லும் கடமை ஊருக்கு உண்டு.